வெப்பம் சதுர அடியில் இல்லை

“பத்துக்குப் பன்னிரண்டு ரூமா சார்? ஒன்றரை டன் போட்டுடுங்க.”

சென்னையில் ஏசி வாங்கப் போகிறவர் இந்த வாக்கியத்தைக் கேட்காமல் கடையைவிட்டு வெளியே வருவது அபூர்வம். அறையின் நீள அகலத்தைத் தாண்டி எவரும் எதுவும் கேட்பதில்லை. எத்தனாவது மாடி, ஜன்னல் எந்தத் திசை பார்க்கிறது, தலைக்கு மேல் இருப்பது இன்னொரு வீடா மொட்டை மாடியா, எத்தனை பேர் படுக்கிறார்கள், பகலில் ஓடுமா இரவிலா என்ற பேச்சே எழுவதில்லை. சதுர அடியைச் சொன்னால் டன் வந்துவிடும். சந்தேகம் இருந்தால் ஒரு படி பெரியதாக வாங்கு. கடைக்காரர், மாட்ட வரும் மெக்கானிக், பக்கத்து வீட்டுக்காரர், சொந்தக்காரர்களின் வாட்ஸாப் குழு என்று எல்லோரும் ஒருமனதாக ஒப்புக்கொண்டிருக்கும் விதி இது.

இந்த விதி தவறு. காற்றில் ஈரம் கனத்துக் கிடக்கும் கடலோர ஊர்களில் இது இரண்டு மடங்கு தவறு. ஆனால் மறுப்பதற்கு முன்னால் அந்தத் தரப்பை அதன் முழு பலத்தோடு சொல்லிவிட வேண்டும். நியாயமான மனிதர்கள் பலர் அதை நம்புகிறார்கள். அவர்களிடம் காரணங்கள் இருக்கின்றன.

அவர்கள் சொல்வது இது. எங்கள் ஊர் வெயில் சாதாரணமானதில்லை; 2003 மே மாதக் கடைசியில் 45 டிகிரியைத் தொட்ட ஊர். ஏசியின் மேல் எழுதியிருக்கும் திறன், வெளியே 35 டிகிரி இருக்கும் நிலையில் சோதனைக்கூடத்தில் அளந்தது. வெளி வெப்பம் ஏறினால் அந்தத் திறன் இறங்கும். ஆகவே கொஞ்சம் மிச்சம் வைத்து வாங்குவதே விவேகம். சிறியதை வாங்கினால் ராத்திரி முழுக்க நிற்காமல் ஓடித் தேயும். பெரியதானால் பத்து நிமிடத்தில் குளிரவைத்துவிட்டு ஓய்வெடுக்கும், கரண்டும் மிச்சம். போதாததற்கு இன்வெர்ட்டர் வந்துவிட்டது. இயந்திரம் பெரியதாக இருந்தாலும் வேண்டிய அளவுக்குத் தானே தணிந்துகொள்ளும். ஒரு டன்னுக்கும் ஒன்றரை டன்னுக்கும் விலையில் சில ஆயிரம்தான் வித்தியாசம். பத்து வருடம் சுவரில் இருக்கப்போகிற பொருளில் அந்தச் சில ஆயிரத்தைப் பார்க்கலாமா?

கேட்பதற்கு இதில் ஒரு ஓட்டையும் தெரியவில்லை. ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்கலாம்.

1. தரைக்கும் டன்னுக்கும் என்ன உறவு?

டன் என்ற சொல் பனிக்கட்டி வியாபாரத்தின் காலத்திலிருந்து வந்தது. அமெரிக்க அளவில் ஒரு டன், அதாவது 907 கிலோ பனிக்கட்டி 24 மணி நேரத்தில் உருகுவதற்கு எவ்வளவு வெப்பத்தை உறிஞ்சுமோ, அந்த வேகத்தில் வெப்பத்தை வெளியே தள்ளும் இயந்திரம் ஒரு டன் இயந்திரம். மணிக்கு 12,000 பி.டி.யூ. என்றாலும் ஏறக்குறைய 3,500 வாட் என்றாலும் அதே கணக்குதான். பனிக்கட்டியை டன் கணக்கில் பார்த்த ஊர்தான் சென்னையும். திருவல்லிக்கேணிக் கடற்கரையில் இன்று விவேகானந்தர் இல்லமாக நிற்கும் ஐஸ் ஹவுஸ், பாஸ்டன் வியாபாரி ஃபிரெடெரிக் டியூடர் கப்பலில் அனுப்பிய பனிக்கட்டியை இறக்கி வைக்க 1842-இல் எழுந்த கட்டடம். அங்கிருந்து பனிக்கட்டி வாங்கியவர் எதைக் குளிரவைக்கப் போகிறோம், அதில் எவ்வளவு சூடு இருக்கிறது என்று பார்த்துத்தான் வாங்கியிருப்பார். தன் வீட்டுத் தரையை அளந்துகொண்டு போயிருக்க மாட்டார்.

டன் என்பது வெப்பத்தின் அளவு. தரை வெப்பத்தை உண்டாக்குவதில்லை. கூரை உண்டாக்கும், மேற்குச் சுவர் உண்டாக்கும், கண்ணாடி உள்ளே விடும், மனித உடம்பு உண்டாக்கும், கதவிடுக்கில் நுழையும் வெளிக்காற்று கொண்டுவரும். இவற்றில் ஒன்றுகூடச் சதுர அடிக்குக் கட்டுப்பட்டதில்லை.

இதை என் குடும்பத்துக்குள்ளேயே பார்த்திருக்கிறேன். தாம்பரம் பக்கத்தில் நான்கு மாடி அடுக்ககம் ஒன்றில் இரண்டாவது மாடியில் அம்மாவும் அப்பாவும் இருக்கிறார்கள். நான்காவது மாடியில் தம்பி. இருவருடைய படுக்கையறையும் பத்துக்குப் பன்னிரண்டு. ஒரே கடையில், ஒரே நாளில், ஒரே பேச்சில் இருவருக்கும் ஒன்றரை டன் கொடுத்தார்கள். சதுர அடி விதிப்படி அது சரியான தீர்ப்பு. இரண்டு அறைக்கும் தரை ஒன்றுதானே?

பின்னொரு நாள் உட்கார்ந்து இரண்டு அறைக்கும் வெப்பக் கணக்குப் போட்டேன். தம்பியின் அறைக்கு மேலே வெறும் கான்கிரீட் தளம். மாலை நான்கு மணிக்கு வெளியே 38 டிகிரி இருக்கும்போது அந்த 120 சதுர அடித் தளம் மட்டும் 800 வாட்டுக்கு மேல் கீழே இறக்குகிறது. மேற்கில் நாலுக்கு நாலு ஜன்னல். திரை இல்லாவிட்டால் சாயும் வெயில் அதன் வழியே 600 வாட் அளவுக்கு உள்ளே கொட்டுகிறது. சுவர்கள், இரண்டு மனிதர்கள், கசியும் காற்று, டிவி எல்லாம் சேர்த்தால் 3,000 வாட்டை ஒட்டி வருகிறது. பகல் முழுக்கச் சூடேறிய தளத்தையும் சுவரையும் முதலில் தணிக்கும் வேலை தனி. அவனுக்கு ஒன்றரை டன் சரிதான்.

பெற்றோர் அறைக்கு மேலும் கீழும் வீடுகள். ஒரே ஒரு வெளிச்சுவர். வடக்கு பார்த்த ஜன்னல். அதே நான்கு மணிக்கு அந்த அறையின் சுமை 1,700 வாட்டைத் தாண்டவில்லை. அவர்கள் ஏசி போடுவதோ இரவு பத்து மணிக்கு. அப்போது 1,300 வாட். ஒரு டன்னில் பாதிகூட இல்லை. அதற்கு 5,200 வாட் இயந்திரத்தை மாட்டி வைத்திருந்தோம்: தேவையைப் போல நான்கு மடங்கு.

ஒரே நீளம், ஒரே அகலம், ஒரே கட்டடம். சுமையில் ஏறக்குறைய இரண்டு மடங்கு வித்தியாசம். இந்த இரண்டு அறைக்கும் ஒரே விடையைத் தருகிற விதியை விதி என்று எப்படி ஒப்புக்கொள்வது?

2. ஏசியின் வேலை குளிரவைப்பது மட்டும்தானா?

இந்த ஒரு கேள்வியில்தான் “பெரியதே பாதுகாப்பு” என்ற நம்பிக்கை அடியோடு விழுகிறது. ஆகவே இதில் கொஞ்சம் நின்று பேச வேண்டும்.

1902-இல் நியூயார்க்கின் புரூக்ளினில் வில்லிஸ் கேரியர் என்ற இளம் பொறியாளரிடம் ஓர் அச்சகத்தின் பிரச்சினை வந்தது. காற்றில் ஈரம் ஏறி இறங்குவதால் தாள் விரிந்து சுருங்கி, வண்ணத்தின்மேல் வண்ணம் ஒட்டாமல் விலகியது. அதைத் தீர்க்க அவர் வடிவமைத்த ஏற்பாடுதான் இன்றைய ஏசியின் மூதாதை. அங்கே முதல் தேவை காற்றின் ஈரத்தைக் கட்டுக்குள் வைப்பது. அச்சகத்தில் வேலை செய்தவர்களின் சுகம் அன்று கணக்கிலேயே இல்லை.

சென்னை, கடலூர், நாகப்பட்டினம், தூத்துக்குடி என்று கடலோரம் முழுக்க நமக்கும் அதே தேவைதான். நம்மை வாட்டுவதில் சூட்டுக்கு எவ்வளவு பங்கோ, புழுக்கத்துக்கும் அவ்வளவு பங்கு. வியர்வை உலராததால்தான் உடம்பு தவிக்கிறது. வெளியே 32 டிகிரி, எழுபது சதவீத ஈரப்பதம் உள்ள ஓர் இரவை எடுத்துக்கொள்ளுங்கள். பத்துக்குப் பன்னிரண்டு அறையின் காற்று ஒருமுறை முழுதாக வெளிக்காற்றோடு மாறினால், நமக்கு இதமாக இருக்கும் அளவைவிட 400 மில்லி தண்ணீர் கூடுதலாக அறைக்குள் வந்துவிடுகிறது, கண்ணுக்குத் தெரியாத ஆவியாக. கதவிடுக்கும் ஜன்னல் சந்தும் இரண்டு மணி நேரத்தில் அவ்வளவு காற்றை எளிதாக மாற்றிவிடும். தூங்குகிறவர்களின் மூச்சும் வியர்வையும் வேறு.

இந்தத் தண்ணீரை ஏசி எப்படி வெளியேற்றுகிறது? உள்ளே இருக்கும் காயில் என்ற குழாய்ச் சுருள் குளிர வேண்டும். அதன்மேல் ஆவி படிந்து ஈரமாக வேண்டும். ஈரம் துளியாகத் திரண்டு, தகடுகளில் வழிந்து, அடியிலுள்ள தட்டில் விழுந்து, குழாய் வழியே வெளியே போக வேண்டும். கம்ப்ரசர் ஓடத் தொடங்கியதிலிருந்து குழாயில் சொட்டுவதற்குள் பல நிமிடங்கள் ஆகிவிடும். பெரிய இயந்திரம் அந்த நிமிடங்களைத் தருவதில்லை. நான்கு ஐந்து நிமிடத்தில் அறையின் வெப்பநிலையை இறக்கிவிடுகிறது. தெர்மோஸ்டாட் கம்ப்ரசரை நிறுத்துகிறது. காயில் நனைந்த நிலையிலேயே நிற்க, மின்விசிறி மட்டும் சுற்றிக்கொண்டிருக்கிறது. காயிலில் படிந்த தண்ணீரை அதே காற்று மறுபடி ஆவியாக்கி அறைக்குள்ளேயே கொண்டுவந்து விடுகிறது. பிடித்த தண்ணீரைத் திருப்பிக் கொடுக்கும் வேலை இது. மணிக்குப் பதினைந்து நிமிடம்தான் கம்ப்ரசர் ஓடுகிறது என்றால், மீதி நாற்பத்தைந்து நிமிடமும் அறையில் ஈரம் ஏறிக்கொண்டேதான் இருக்கும்.

பெற்றோர் அறையில் நடந்தது இதுதான். “சில்லுன்னு இருக்குடா, ஆனா நசநசன்னு இருக்கு” என்று அம்மா சொல்வார். குளிரும் புழுக்கமும் ஒன்றாக இருக்க முடியும் என்று நான் அப்போது நம்பவில்லை. 24-இல் வைத்தால் பிசுபிசுப்பு. 20-க்கு இறக்கினார்கள், பிறகு 18-க்கு. 18-இல் கம்ப்ரசர் கூடுதல் நேரம் ஓடும், ஈரம் கொஞ்சம் குறையும், ஆனால் எலும்பு நடுங்கும். கம்பளியைத் தலைவரை இழுத்துக்கொள்ள வேண்டும். விடியற்காலையில் அப்பா எழுந்து அணைப்பார். அடுத்த அரை மணியில் குளிர்ந்து போன சுவரில் வெளி ஈரம் வந்து படியும். பீரோவுக்குப் பின்னால் கறுப்பாகப் பூஞ்சை படர்ந்தது. தோல்பையும் செருப்பும் பச்சை பூத்தன. கதவைத் திறந்தால் ஒரு மக்கிய வாடை. அப்பாவின் இருமலுக்கு நாங்கள் மருத்துவரை மாற்றினோம், தலையணையை மாற்றினோம், சுவருக்கு மறுபடி பெயிண்ட் அடித்தோம். இயந்திரம் பெரியதாக இருப்பது ஒரு காரணமாக இருக்கலாம் என்று எங்கள் யாருக்கும் தோன்றவே இல்லை.

பெரியதாக வாங்குவதில் ஆபத்தே இல்லை என்பவர்களுக்கு என் கேள்வி இது: ஈரத்தைக் குறைக்காத குளிரைப் பாதுகாப்பு என்று எந்த அர்த்தத்தில் சொல்கிறீர்கள்?

3. ஓடிக்கொண்டே இருந்தால் தேய்ந்துவிடுமா?

மாட்டுவண்டிக்குப் பொருந்துகிற நியாயத்தைக் கம்ப்ரசருக்குச் சொல்கிறார்கள். கம்ப்ரசருக்கு மிகக் கடினமான நொடி அது கிளம்பும் நொடி. வேகம் மாறாத சாதாரணக் கம்ப்ரசர் கிளம்பும்போது, ஓடும்போது இழுப்பதைப் போல ஐந்து ஆறு மடங்கு மின்னோட்டத்தை ஒரு கணம் இழுக்கிறது. வீட்டு விளக்கு மங்குவதும் ஸ்டெபிலைசர் டக்கென்று அடிப்பதும் அப்போதுதான். இரவில் நான்கு முறை கிளம்பி நீண்ட நேரம் ஓடுகிற இயந்திரத்தைவிட, முப்பது முறை கிளம்பி முப்பது முறை நிற்கிற இயந்திரமே சீக்கிரம் பழுதாகும். நீண்ட நேரம் சீராக ஓடுவது ஏசிக்கு நோயில்லை. அது வடிவமைக்கப்பட்டதே அப்படி ஓடுவதற்குத்தான்.

கரண்டு மிச்சமாகுமா? மீட்டர் ஓடிய நேரத்தை மட்டும் எண்ணுவதில்லை. எவ்வளவு சக்தியோடு ஓடியது என்பதையும் சேர்த்துப் பெருக்குகிறது. பதினைந்து நிமிடம் ஓடும் பெரியது, அரை மணிக்குமேல் ஓடும் சிறியதைவிடக் குறைவாகச் செலவழிக்கும் என்பதற்கு எந்த ஆதாரமும் இல்லை. புழுக்கம் தாங்காமல் 24-லிருந்து 18-க்கு இறக்கியதன் செலவு அதற்குமேல். ஒரு டிகிரி உயர்த்தி வைத்தால் ஏறக்குறைய 6 சதவீத மின்சாரம் மிச்சம் என்கிறது மத்திய அரசின் எரிசக்தித் திறன் பணியகம். 2020 ஜனவரி முதல் விற்பனைக்கு வரும் ஏசிகள் 24 டிகிரியில் தொடங்கும்படி வைக்கப்பட்டிருப்பதும் இதற்காகத்தான். பெரிய இயந்திரத்தால் நனைந்த அறையில் அந்த 24-இல் தூங்க முடியாது. தமிழ்நாட்டில் இதற்கு இன்னொரு விலையும் உண்டு: இரண்டு மாதக் கணக்கு 500 யூனிட்டைத் தாண்டினால் தாண்டிய யூனிட்டுக்கு மட்டுமா விலை கூடுகிறது? கீழ்ப்படிகளின் கட்டண விகிதமும் மாறிவிடுகிறது. ரிமோட்டில் இறக்கிய ஆறு டிகிரி அந்தக் கோட்டைத் தாண்டவைக்கப் போதும்.

4. இன்வெர்ட்டர் எல்லாவற்றையும் சரிசெய்துவிடுமா?

இதுதான் எதிர்த்தரப்பின் மிக வலுவான வாதம். பாதி உண்மையும் இதில் உண்டு. இன்வெர்ட்டர் கம்ப்ரசர் வேகத்தைக் குறைத்துக்கொண்டு ஓடும். குறைந்த வேகத்தில் அதன் சிக்கனம் கூடும். தேவை ஒரு டன்னுக்குச் சற்றே குறைவாக இருக்கும் அறையில் ஒரு டன் இன்வெர்ட்டரை மாட்டுவதில் தவறே இல்லை. அந்த அளவு மிச்சத்தை நானும் வைப்பேன்.

ஆனால் எதற்கும் அடிமட்டம் உண்டு. இன்வெர்ட்டர் தணியும் என்றால் பூஜ்யம் வரைக்கும் தணியும் என்று பொருளில்லை. இரண்டு டன் இயந்திரம் தன் திறனில் முப்பது சதவீதம் வரை இறங்கும் என்று வைத்துக்கொண்டால், அதன் மிகக் குறைந்த வேகமே 0.6 டன். பெற்றோர் அறையின் இரவுச் சுமை 0.37 டன். அங்கே இன்வெர்ட்டரும் பழைய இயந்திரம் போலவே நின்று நின்றுதான் ஓட வேண்டும். கொடுத்த கூடுதல் விலை எதற்காகவோ அது நடக்கவே இடமில்லை.

ஈரத்தில் அது இன்னும் மோசம். கம்ப்ரசர் மெதுவாக ஓட, விசிறி வேகமாகவே காற்றைத் தள்ளிக்கொண்டிருந்தால் காயில் போதுமான அளவு குளிர்வதில்லை. அறை 24 டிகிரியில் நிற்கும். காயிலோ ஆவியைத் துளியாக்கும் அளவுக்கு இறங்காமல் வெதுவெதுப்பாக இருக்கும். திரையில் எண் சரியாக இருக்கும், படுக்கை விரிப்பு மட்டும் ஈரமாகத் தோன்றும்.

நட்சத்திரக் குறியைக் காட்டுகிறார்கள். “அஞ்சு ஸ்டார் சார், ரெண்டு டன் போட்டாலும் கரண்டு கம்மிதான்.” அந்த நட்சத்திரம் எப்படி வருகிறது? ஆண்டுக்கு 1,600 மணி நேரம் ஓடுவதாகவும், வெளி வெப்பம் 24 முதல் 43 டிகிரி வரை மாறுவதாகவும் வைத்து ஒரு சராசரித் திறன் எண் கணக்கிடப்படுகிறது. அந்தக் கணக்குக்குள்ளேயே ஓர் அனுமானம் இருக்கிறது: வெளியே 35 டிகிரி இருக்கும்போது அறையின் சுமை, இயந்திரத்தின் முழுத் திறனுக்குச் சமமாக இருக்கிறது என்று அது எடுத்துக்கொள்கிறது. அதாவது நட்சத்திரம் தரும் வாக்குறுதி, அளவு பொருந்திய இயந்திரத்துக்கு மட்டுமே. அளவு பொருந்தாத இயந்திரத்தை வாங்கிவிட்டு நட்சத்திரத்தை நம்புவது, அடுத்தவர் கண்ணுக்குச் செய்த கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நல்ல கம்பெனி லென்ஸ் என்று ஆறுதல் அடைவதற்குச் சமம்.

5. சரி, மே மாதத்துக்கு என்ன பதில்?

வெளி வெப்பம் ஏறினால் திறன் இறங்கும் என்பது மெய். 35-க்கு மேல் ஒவ்வொரு டிகிரிக்கும் ஏறக்குறைய ஒரு சதவீதம் என்று வைத்துக்கொள்ளலாம். 43 டிகிரி அடிக்கும் ஒரு கொடிய மதியத்தில் எட்டு சதவீதம் போய்விடும். எட்டு சதவீதக் குறையை ஈடுகட்ட ஐம்பது சதவீதம் பெரிய இயந்திரத்தை வாங்கச் சொல்வதுதான் இங்கே விவேகம் என்று பெயர் பெற்றிருக்கிறது. வருடத்தில் சில மதியங்களுக்காக மற்ற எல்லா இரவுகளையும் கெடுத்துக்கொள்கிறோம்.

சுமை உண்மையிலேயே அதிகமான அறைகளும் இருக்கின்றன. தம்பியின் அறை அப்படிப்பட்டது. அங்கேயும் முதல் கேள்வி “எத்தனை டன்” என்பதாக இருக்கக் கூடாது. அந்த வெப்பம் எங்கிருந்து வருகிறது என்று கேட்க வேண்டும். நம் பழைய மேஸ்திரிகளுக்கு இது தெரிந்திருந்தது. மெட்ராஸ் மாடித் தளத்தின்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கடுக்காய் வெல்லத் தண்ணீரும் சேர்த்துக் கனமாகப் போட்டு, நாள்கணக்கில் கட்டையால் தட்டி இறுக்கி, மேலே தட்டோடு பதித்தார்கள். மழையும் இறங்காது, வெயிலும் சீக்கிரம் இறங்காது. இன்று அதைச் செலவென்று தள்ளிவிட்டு ஐந்து அங்குலக் கான்கிரீட்டை வெயிலில் காயவிடுகிறோம். வீடுகளுக்கான இந்திய எரிசக்தி விதித்தொகுப்பான ‘ஈகோ நிவாஸ் சம்ஹிதா’ 2018-இல் வந்தது. கூரை வழியே ஒரு சதுர மீட்டருக்கு, ஒரு டிகிரி வித்தியாசத்துக்கு 1.2 வாட்டுக்குமேல் வெப்பம் கடக்கக் கூடாது என்று அது வரம்பு வைத்திருக்கிறது. வெறும் கான்கிரீட் தளத்தில் இது 3 வாட்டை ஒட்டி இருக்கும். இரண்டரை மடங்கு.

தம்பி கடைசியில் மொட்டை மாடிக்கு வெள்ளைப் பூச்சு அடித்தான். மேற்கு ஜன்னலுக்கு வெளிப்பக்கம் மூங்கில் தட்டி கட்டினான். உள்ளே திரை போடுவதைவிட வெளியே தட்டி கட்டுவது பல மடங்கு நல்லது. திரையைத் தொடும் வெயில் ஏற்கெனவே கண்ணாடியைக் கடந்து அறைக்குள் வந்துவிட்ட வெயில். இரண்டும் சேர்ந்து என் கணக்கில் 900 வாட்டைக் குறைத்தன, கால் டன்னுக்கும் மேல். அடுத்தமுறை அவன் வாங்கும்போது ஒரு டன் போதும். தட்டிக்கும் பூச்சுக்கும் ஆன செலவு, நாம் அலட்சியமாக ஒதுக்கிய அந்தச் “சில ஆயிரம்” அளவுதான்.

எதிர்த்தரப்பு என்னைச் சிறியதன் பக்கம் நிற்பவனாகக் கருதலாம். நான் அங்கே நிற்கவில்லை. மேற்கு வெயில் விழும் மொட்டை மாடி அறைக்கு முக்கால் டன் மாட்டினால் அதுவும் தவறுதான். மாலையில் அறை குளிரவே குளிராது. சமையலறையோடு சேர்ந்து கதவே இல்லாமல் திறந்து கிடக்கும் ஹாலுக்கு எந்த டன்னும் போதாது; அங்கே முதலில் ஒரு கதவோ கனத்த திரையோ வேண்டும்.

6. “இருபது வருட அனுபவத்தில் சொல்கிறேன்” என்பவருக்கு

அனுபவத்தை மதிக்கிறேன். அந்த அனுபவம் எப்படிச் சேர்ந்தது என்று மட்டும் கேட்கிறேன். சிறிய ஏசியை விற்றால் மே மாதத்தில் வாடிக்கையாளர் போன் செய்வார்: “கூலிங்கே இல்லீங்க.” மெக்கானிக் வர வேண்டும், கேஸ் பார்க்க வேண்டும், திட்டு வாங்க வேண்டும். பெரிய ஏசியை விற்றால் யாரும் போன் செய்வதில்லை. அறை பத்து நிமிடத்தில் சில்லென்று ஆகிவிடுகிறது, சந்தோஷமாகப் போய்விடுகிறார்கள். இரவு மூன்று மணிக்கு வரும் நசநசப்பை எவரும் கடையில் போய்ச் சொல்வதில்லை. அதை ஊரின் தட்பவெப்பம் என்று நினைக்கிறார்கள், வயதின் உபாதை என்று நினைக்கிறார்கள், சுவரில் நீர்க்கசிவு என்று நினைக்கிறார்கள். ஒரு பக்கத் தவறு மட்டுமே காதுக்கு வருகிற இடத்தில் இருபது வருடம் நின்றால், மறுபக்கத் தவறு இல்லவே இல்லை என்றுதான் அனுபவம் சொல்லித்தரும்.

நான்கு வருடம் நாங்களும் ஒரு புகார்கூடச் சொல்லவில்லை. அந்தக் கடையின் கணக்கில் நாங்கள் திருப்தியான வாடிக்கையாளர்கள்.

பழைய இயந்திரம் பழுதானபோது நான் வேறு கடைக்குப் போய் 0.8 டன் இன்வெர்ட்டர் கேட்டேன். விற்பனை செய்த இளைஞர் நல்லவர், உண்மையாகவே கவலைப்பட்டார். “பத்துக்குப் பன்னிரண்டுக்குப் பத்தாது சார். அப்புறம் எங்களைச் சொல்லாதீங்க.” மாடி, திசை, மேல்வீடு, இரவு உபயோகம் எல்லாம் சொன்னேன். தலையாட்டினார், ஆனால் சம்மதிக்கவில்லை. கிடங்கில் அந்த அளவு இல்லை, எவரும் கேட்பதில்லையாம். வரவழைக்க ஒன்பது நாள் ஆனது. பில்லின் ஓரத்தில் “வாடிக்கையாளர் கேட்டுக்கொண்டபடி” என்று எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டார்.

பழையதைக் கழற்றும் முன்பே, அது இன்னும் ஓடிக்கொண்டிருந்த நாட்களில், பால்கனியில் தண்ணீர்க் குழாயின் அடியில் ஒரு வாளி வைத்து அளந்திருந்தேன். இரவு பத்து முதல் காலை ஆறு வரை ஒன்றரை லிட்டர் தேறவில்லை. புதியது வந்த பிறகு அதே வாளி, அதே எட்டு மணி நேரம்: இரண்டே கால் லிட்டர். இயந்திரம் பாதியாகிவிட்டது, பிடிக்கும் தண்ணீர் பாதிப் பங்கு கூடிவிட்டது. அந்த மே மாதம் முழுக்க ரிமோட்டில் 26, மேலே மின்விசிறி இரண்டில். மூன்றாம் நாள் காலை அம்மா கம்பளியை வெயிலில் உலர்த்தி, மடித்து, பரணில் ஏற்றச் சொன்னார்.